முசுறு எறும்பு நூல் விட்டுத் தொங்குமா?

தோப்புக்காரன்:
முதலமடையில் எங்களுக்குக் கொஞ்சம் மாமரம் உண்டு. மரத்துக்கு மரம் முசுறுதான், இங்கே மலையாளத்தில் நீறு என்பார்கள். நேற்று இலைமேல் தனியாக நின்ற ஒன்றைத் தட்டிவிட்டேன், கீழே விழாமல் நூலில் தொங்கியது. போனில் படம் எடுத்துப் பெரிதாக்கினால் அதே செம்மஞ்சள் நிறம், தலை, நடு, வயிறு என்று மூன்று பாகமும் இருக்கிறது. "மூணு பாகம்னா பூச்சி, ரெண்டுன்னா சிலந்தி, அப்போ இது பூச்சிதான்" என்கிறாள் ஆறாவது படிக்கும் மகள். காலை எண்ணவே முடியவில்லை, முன்னால் இரண்டை ஆட்டிக்கொண்டே இருக்கிறது, அது காலா உணர்கொம்பா?

எட்டுக்கால்:
சிலந்திங்க அது. முசுறு மாதிரியே வேஷம் போடும் குதிக்கும் சிலந்தி, மிர்மாபிளாட்டா என்று பெயர். முசுறுவின் புழுதான் பட்டு நூல் விடும், வளர்ந்த எறும்புகள் அந்தப் புழுவை வாயில் பிடித்து இலையைத் தைக்கும். அதனால் பெரிய எறும்பு நூலில் தொங்கினால் அங்கேயே சந்தேகப்படலாம்.

பாப்பா சொன்ன கணக்கு சரிதான், ஆனால் இதற்கு தலையும் மார்பும் சேர்ந்த முன்பாகத்தின் நடுவில் ஒரு இடுக்கு விழுந்திருக்கும், அதுதான் இரண்டை மூன்றாகக் காட்டுகிறது. மேலே இருந்து பார்த்துத் துண்டுகளை எண்ணாதீர்கள், கால் எங்கே முளைக்கிறது என்று பாருங்கள். எறும்புக்கு ஆறு காலும் நடுவில் உள்ள மார்பிலிருந்துதான் வரும், தலையில் உணர்கொம்பு, அதுவும் முழங்கை மாதிரி மடங்கியிருக்கும். சிலந்திக்கு உணர்கொம்பே கிடையாது. நீங்கள் பார்த்தது முதல் ஜோடிக் கால், அதைத் தூக்கி ஆட்டுகிறது. முசுறு கடித்து அமிலம் பீய்ச்சும் என்பதால் அதை இரையாக்க வருபவை குறைவு, அந்த பயத்தின் மறைவில் இது பிழைக்கிறது.

கொல்லங்கோடு_டீக்கடை:
ஓ, அப்போ நான் பார்த்ததும் அதுதானா? ஒரு எறும்பு இன்னொரு எறும்பை வாயில் கவ்விக்கொண்டு போகிற மாதிரி இருந்தது, ஆனால் கீழே வைக்கவே இல்லை.

எட்டுக்கால்:
அது ஆண். அதற்கு வாய்க்கொடுக்கு அவ்வளவு நீளமாக முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும். அப்புறம், எண்ணும்போது வாய்க்குப் பக்கத்தில் இருக்கும் குட்டிக்கை இரண்டைக் காலோடு சேர்த்துவிடாதீர்கள், பத்து வந்துவிடும். தேளின் பெரிய கொடுக்கு இரண்டும் அதே உறுப்புதான், கால் இல்லை. மாட்டு உண்ணி இன்னும் ஏமாற்றும், குஞ்சில் ஆறு கால், தோல் உரித்த பிறகுதான் எட்டு.

தோப்புக்காரன்:
இன்று காலையில் ஒன்றைக் கண்ணாடி பாட்டிலில் பிடித்து அடியிலிருந்து பார்த்தோம். எட்டும் முன்பாகத்திலிருந்தே வருகிறது, வயிற்றில் ஒன்றும் இல்லை. முன்னால் உருண்டையாக இரண்டு பெரிய கண், பாட்டிலைத் திருப்பினால் எங்கள் பக்கமே திரும்புகிறது! மகள் நோட்டில் வரைந்து முடித்த பிறகு அதே கிளையில் விட்டுவிட்டோம்.