அகத்தியம்பள்ளி ரயில்: பழைய நினைவு உள்ளவர்கள் எழுதுங்கள்

குழுவில் உள்ள அண்ணன், அக்கா, தம்பி, தங்கைகள் அனைவருக்கும் வணக்கம்.

இந்த முறை மாசி மகத்துக்கு ஊருக்குப் போனபோது திருத்துறைப்பூண்டியில் பஸ் ஏறாமல் அகத்தியம்பள்ளி ரயிலில் போனேன். கரியாப்பட்டினம், குரவப்புலம், நெய்விளக்கு, தோப்புத்துறை, வேதாரண்யம் என்று பலகைகளை ஒவ்வொன்றாக வாய்விட்டுப் படித்துக்கொண்டே வந்தேன். எதிரே உட்கார்ந்திருந்த பெரியம்மா, "எந்த ஊர்ப் புள்ளப்பா நீ?" என்று கேட்டுவிட்டார். நம்ம ஊர்தான் என்று சொல்லும்போது தொண்டை அடைத்துக்கொண்டது.

ஒரு மீட்டர் அகலத் தண்டவாளத்தில் ஓடிய பழைய மீட்டர்கேஜ் வண்டி 2004இல் நின்றது. திருத்துறைப்பூண்டியிலிருந்து அகத்தியம்பள்ளி வரை 37 கிலோமீட்டர் அகலப்பாதை முடிந்து, 2023 ஏப்ரல் 8ஆம் தேதி பிரதமர் சென்னையிலிருந்து கொடியசைத்தார். இடையில் 19 வருஷம். நம் பிள்ளைகளில் பலர் ஊரில் ரயிலையே பார்க்காமல் வளர்ந்து வெளிநாடு வந்துவிட்டார்கள்.

நமக்கு அது ஆள் ஏற்றுகிற வண்டி மட்டுமா? உப்பு வண்டி. உப்பு கனமான சரக்கு, விலையோ மலிவு. தூரம் கூடக்கூட வண்டிக் கூலியே அதன் விலையைத் தின்றுவிடும். உப்பளத்துக்குப் பக்கத்திலேயே தண்டவாளம் வந்து நின்றது அதனால்தான் அவ்வளவு பெரிய விஷயம். 1930 உப்புச் சத்தியாகிரகத்தில் ராஜாஜியும் தொண்டர்களும் திருச்சியிலிருந்து நடந்து வந்து உப்பு அள்ளியதும் இதே அகத்தியம்பள்ளியில்தான். அந்த நினைவுத் தூணைப் பார்க்காமல் நம்மில் யாரும் வளர்ந்திருக்க மாட்டோம்.

எங்கள் அப்பா மூட்டை ஏற்றப் போனவர். கோணி ஊசியால் வாய் தைத்த சாக்கைத் தலையில் வைத்து, பலகையில் ஏறி வேகனுக்குள் போய் அடுக்க வேண்டும். ஈரச் சாக்கிலிருந்து உப்புத் தண்ணீர் கழுத்து வழியாக முதுகில் இறங்கும். ராத்திரி அம்மா தேங்காய் எண்ணெய் தடவும்போது பிடரியில் தோல் வெடித்திருப்பது சிமினி வெளிச்சத்தில் தெரியும். அவர் வாய் திறந்து ஒரு வார்த்தை சொன்னதில்லை. வேகன் வராத வாரத்தில்தான் வீட்டில் பேச்சு இருக்காது.

புதுப் பாதையைத் திறந்தபோது உப்பு ஏற்றவும் இது உதவும் என்றார்கள். அது நிறைய நடக்க வேண்டும் என்பதுதான் என் ஆசை. ஆள் வண்டிக்கு நாமும் ஆதரவு தர வேண்டும். ஊருக்குப் போகிறவர்கள் சென்னையிலிருந்தோ திருச்சியிலிருந்தோ கார் எடுத்துப் போனாலும், ஒரு தடவையாவது பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு இந்த வண்டியில் போய் வாருங்கள். டிக்கெட் விற்றால்தான் வண்டி நிலைக்கும்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். பழைய அட்டை டிக்கெட், ஸ்டேஷனில் எடுத்த போட்டோ, மூட்டை ஏற்றிய பெரியவர்கள் சொன்ன கதை, எது இருந்தாலும் இந்த மடலுக்கே பதிலாக அனுப்புங்கள். நான் ஒன்றாகச் சேர்த்து வைக்கிறேன். முன்பு அகத்தியம்பள்ளியைத் தாண்டி கோடியக்கரை வரைக்கும் தண்டவாளம் இருந்தது, அதில் போனவர்கள் நம் குழுவில் யாராவது இருக்கிறீர்களா? பெரியப்பா, சித்தப்பாமார்கள் தட்டச்சு செய்ய முடியாவிட்டால் குரலில் பேசிப் பதிந்து அனுப்பினாலும் போதும், நான் எழுதிக்கொள்கிறேன்.