காற்றாலை மின்சாரம்: சேமிப்பா, தேக்கமா, வைப்பா?

பாலிடெக்னிக் ஆசிரியை, நாகர்கோவில்

கலைச்சொல் மடற்குழுவினருக்கு வணக்கம். மின்னியல் பட்டய மாணவர்களுக்கான தமிழ்க் கையேட்டில் காற்றாலைப் பாடம் முடிந்துவிட்டது. ஒரு சொல்தான் நிற்கிறது. எனர்ஜி ஸ்டோரேஜ் என்பதற்கு 'மின்சேமிப்பு' என்று எழுதி வகுப்பில் வாசித்துக் காட்டினேன். "குண்டு பல்பைக் கழற்றிட்டு எல்.இ.டி. போடுறதுதானே மிஸ்?" என்றான் ஒரு மாணவன். அவன் மேல் தப்பில்லை. 'மின்சாரத்தைச் சேமிப்போம்' என்று சுவரெல்லாம் எழுதி வைத்திருப்பது சிக்கனத்தைத்தான். நான் சொல்ல வருவது, நள்ளிரவில் முப்பந்தல் காற்றாலைகள் தரும் மின்சாரத்தை மறுநாள் மாலை விளக்கு வைக்கும் நேரத்துக்கு எடுத்து வைப்பதை. வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போயாக வேண்டும். உதவுங்கள்.

தமிழ்ப் பேராசிரியர், மதுரை

அம்மா, 'சேமிப்பு' தொலைந்தது நல்லதே. அது 'க்ஷேமம்' வழி வந்தது. சேர்த்து வைப்பதற்குத் தமிழில் சொல் பஞ்சமா? பொருளைச் சேர்த்து வைக்கும் இடத்தை 'பெற்றான் பொருள்வைப் புழி' என்கிறார் வள்ளுவர் (குறள் 226). 'மின்வைப்பு' என்று கூசாமல் எழுதலாம்.

அதைவிட ஆழமான வேர் ஒன்று உண்டு. புறநானூறு 18இல் குடபுலவியனார் பாண்டியன் நெடுஞ்செழியனிடம், பள்ளம் கண்ட இடமெல்லாம் நீரைத் தேக்கு என்கிறார்: 'நிலன்நெளி மருங்கின் நீர்நிலை பெருகத் தட்டோர் அம்ம இவண் தட்டோரே'. அடுத்த அடியே 'தள்ளாதோர் இவண் தள்ளாதோரே'. ஆக வேர் 'தள்'; இங்கே அது தள்ளுதல் அல்ல, கட்டுதல். தளை, தட்டு எல்லாம் அதன் கிளைகள். ஓடுவதைக் கட்டி நிறுத்துவது தட்டல். மின்சாரமும் ஓடுவதுதானே? 'மின்தட்டு' என்பதே என் பரிந்துரை.

ஓய்வுபெற்ற மின்வாரியப் பொறியாளர், கோவை

பேராசிரியர் ஐயாவின் பாட்டு விளக்கம் அருமை. ஆனால் 'மின்தட்டு' என்று பார்த்ததும் ஊரில் எவரும் 'மின்தட்டுப்பாடு' என்றே படிப்பார்கள். இருப்பதைக் குறிக்க வேண்டிய சொல், இல்லாததைக் குறித்துவிடும்.

'வைப்பு' இன்னும் ஆபத்து. ஏன் என்று விரிவாகவே சொல்கிறேன், ஏனெனில் எங்கள் துறைக்கு வெளியே இது பலருக்குப் புரிவதில்லை. சொந்தக் காற்றாலை வைத்திருக்கும் நூற்பாலைகள் நீண்ட காலமாக 'பேங்கிங்' என்ற முறையைப் பயன்படுத்தி வருகின்றன. ஆடியில் காற்றாலை ஓடி ஓடி கிரிட்டுக்குள், அதாவது ஊரெல்லாம் இணைக்கும் மின்கம்பி வலைக்குள், யூனிட்டைத் தள்ளும். நூற்பாலைக்குத் தேவைப்பட்டது போக மிச்சம் கணக்கில் ஏறும். காற்று நின்ற பிறகு அதை பில்லில் கழித்துக்கொள்வார்கள். ஆலைக்காரர் "என் யூனிட் வாரியத்தில் இருக்கு" என்பார். எங்கும் இல்லை! அவர் ஆடியில் தந்தது அந்த நொடியிலேயே வேறு யாரோ ஒருவர் வீட்டு மிக்சியில் ஓடித் தீர்ந்துவிட்டது. அவருக்குக் கார்த்திகையில் கிடைப்பது, அன்றைக்கு அனல்மின் நிலையத்திலோ அணையிலோ புதிதாக எடுத்தது. கிரிட் எதையும் வைத்துக்கொள்ளாது. உற்பத்தியும் தேவையும் ஒத்துப்போனால்தான் மின்சாரத்தின் அதிர்வெண் 50 ஹெர்ட்ஸில் நிற்கும். வாங்க ஆளில்லாத இரவில் நல்ல காற்றிலேயே காற்றாலையை நிறுத்தச் சொல்வது அதனால்தான். 'மின்வைப்பு' என்று பாடத்தில் அச்சிட்டால் அந்தக் கணக்குப் புத்தகத்தையே மாணவர்கள் கிடங்கு என்று நம்பிவிடுவார்கள். அச்சொல் பேங்கிங்குக்கே இருக்கட்டும்.

உண்மையான கிடங்கு பார்க்க வேண்டுமானால் ஆனைமலையில் உள்ள காடம்பாறை போகட்டும். 1987இல் ஓடத் தொடங்கிய நிலையம். மலைக்குள் குடைந்த மின்நிலையத்தில் 100 மெகாவாட் எந்திரங்கள் நான்கு. மின்சாரம் மிச்சப்படும் நேரத்தில் அதே எந்திரம் பம்பாகி மேல் ஆழியாறு நீரைக் காடம்பாறை அணைக்கு ஏற்றும். தேவை கூடும்போது நீர் இறங்கும், எந்திரம் திரும்பச் சுற்றும். இவ்வகை நிலையங்களில் 100 யூனிட் போட்டால் 75–80 யூனிட் திரும்பினாலே நல்லது. அரசு ஆவணங்களில் 'நீரேற்று புனல்மின் நிலையம்' என்றே வழங்குகிறது. நீலகிரியில் குந்தாவில் கட்டுவதையும் அப்படியே சொல்கிறார்கள். அதில் கை வைக்க வேண்டாம்.

யாழ்ப்பாணத்திலிருந்து ஓர் உறுப்பினர்

'மின்தேக்கம்' என்று ஏன் ஒருவரும் சொல்லவில்லை? எங்களுக்கு அதில் இடர் ஒன்றும் இல்லை. நாங்கள் மின்னூட்டத்தைப் பிடித்து வைக்கும் சிறு கருவியான கெப்பாசிட்டருக்குக் 'கொள்ளளவி' என்றும் பற்றரிக்கு 'மின்கலவடுக்கு' என்றும் பாவிக்கிறோம். மன்னாரிலும் காற்றாலைகள் வந்துவிட்டன. இரு கரைக்கும் பொதுவாக ஒரு சொல் இப்போதே அமைந்தால் நல்லது.

இயற்பியல் ஆசிரியர், சென்னை

இடர் எங்களுக்குத்தான். இங்கே மேல்நிலை வகுப்பில் கெப்பாசிட்டர் 'மின்தேக்கி', அதன் அளவு 'மின்தேக்குத்திறன்'. 'மின்தேக்கம்' என்றால் மாணவர் உடனே இரண்டு தட்டுகளையும் நடுவில் மின்காப்பையும் வரைவார். தவிர, 'தேக்கநிலை' என்றால் வளராமல் நின்றது என்ற பொருளும் வந்துவிட்டது. 'ஆற்றல் தேக்கம்' என்றால் முதல் குழப்பம் தீரும். மின்சாரம் மின்சாரமாகவே எங்கே தங்குகிறது? காடம்பாறையில் உயரத்து நீராக, மின்கலத்தில் வேதிப்பொருளாக. ஆகவே 'ஆற்றல்' என்பதே சரி.

தமிழ்ப் பேராசிரியர், மதுரை

காற்றாலையில் 'காற்று' எதற்கு? கரிகாலனை 'வளிதொழில் ஆண்ட உரவோன் மருக' என்று வெண்ணிக்குயத்தியார் பாடுகிறார் (புறம் 66). காற்றின் தொழிலை ஆள்வதுதானே இந்த ஆலை? 'வளியாலை' என்க. திசைக்கும் பெயருண்டு: வடக்கிலிருந்து வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. முப்பந்தல் பக்கத்து ஆரல்வாய்மொழிக் கணவாயில் புகுந்து சுற்றுவது கோடைதான். பாடத்தில் அதையும் ஒரு வரி சேர்க்கலாம்.

பொறியாளர், கோவை

ஐயா, எங்கள் பக்கம் வயர்மேன் முதல் வாட்ச்மேன் வரை 'காத்தாடி' என்கிறார்கள். 'காற்றாலை' ஏறியதே பெரிய காரியம், அதைக் கலைக்காதீர்கள். 'ஆற்றல் தேக்கம்' எனக்குச் சம்மதம், அரை மனதோடு. வயலில் வடியாத தண்ணீரையும் 'தேங்குது' என்றுதான் சொல்கிறோம். வேண்டும்போது திரும்ப எடுக்கலாம் என்பது அதில் இல்லை. அதைப் பாடத்தின் முதல் பத்தியிலேயே சொல்லிவிடுங்கள்.

ஆசிரியை, நாகர்கோவில்

நன்றி. வேறு மடல் வராததால் பெரும்பாலோர் கருத்தாக 'ஆற்றல் தேக்கம்' என்றே அனுப்புகிறேன். 'நீரேற்று புனல்மின் நிலையம்' அப்படியே. பேங்கிங் 'மின்கணக்கு வைப்பு'. அது தேக்கம் அல்ல என்ற விளக்கமும், போட்டது முழுதும் திரும்பாது என்பதும் தனிப் பத்தியாக வருகின்றன. கோடைக் காற்றையும் ஒரு வரி சேர்த்துவிட்டேன்.

தமிழ்ப் பேராசிரியர், மதுரை

நான் ஒப்பவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். தட்டுப்பாட்டுக்குப் பயந்து 'தட்டோர்' என்ற சொல்லை இழக்கக் கூடாது. இரண்டாம் பதிப்புக்கு முன் மீண்டும் எழுதுவேன்.