லெவல் 9: சகோதரர்கள் நடத்திய நிறுவனமும் 32 கிலோபைட் நினைவகமும்

கேள்வி – திருநகர் வாசகர்

1984இல் தொடங்கிய கிளாஸ் என்னும் கணினிக் கல்வித் திட்டத்தில், மதுரையில் நான் படித்த பள்ளிக்கும் பிபிசி மைக்ரோ கணினிகள் வந்தன. செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் அந்த அறைக்குள் போக வேண்டும். எங்கள் ஆசிரியரின் மைத்துனர் இலண்டனிலிருந்து கொண்டுவந்த ஒரு கேசட்டை டேப் ரெக்கார்டரில் ஓடவிட்டு, கீச்சொலி அடங்கும்வரை காத்திருந்தால், படமே இல்லாமல் வெறும் எழுத்தாலான ‘கொலாசல் அட்வென்ச்சர்’ என்ற விளையாட்டு திரையில் வரும். ‘வடக்கே போ’, ‘விளக்கை எடு’ என்று ஆங்கிலத்தில் தட்டினால் குகைக்குள் நடக்கலாம். அதை உருவாக்கிய லெவல் 9 நிறுவனம் ஒரு குடும்பம் நடத்தியது என்று அண்மையில்தான் அறிந்தேன். அவர்கள் யார்? அவ்வளவு பெரிய குகையை அந்தச் சிறிய கணினிக்குள் எப்படி அடக்கினார்கள்?

மறுமொழி – தெப்பக்குளம் வாசகர்

பீட், மைக், நிக் ஆஸ்டின் ஆகிய சகோதரர்கள் 1981இல் இங்கிலாந்தில் தொடங்கிய நிறுவனம் அது. முதலில் நாஸ்காம் என்ற கணினிக்கு நிரல்கள் எழுதி விற்றார்கள். நீங்கள் விளையாடிய குகை, அமெரிக்காவில் வில் கிரௌதரும் டான் வுட்சும் 1976–77இல் பிடிபி-10 என்ற பெரிய கணினியில் எழுதியது. ஆஸ்டின் சகோதரர்கள் அதை வீட்டுக் கணினிக்குள் கொண்டுவந்ததோடு நிற்காமல், மூலத்தில் இல்லாத 70 இடங்களையும் கூடுதலாகச் சேர்த்தார்கள். 1986இல் ரெயின்பேர்ட் என்ற வெளியீட்டு நிறுவனம் அவர்களுடைய பழைய விளையாட்டுகளை இரண்டு தொகுப்புகளாக வெளியிட்டது. படங்களும் ஒலியும் நிறைந்த விளையாட்டுகளுக்கு மக்கள் மாறிய பிறகு, 1991இல் நிறுவனம் மூடப்பட்டது.

மறுமொழி – பழங்காநத்தம் வாசகர்

எப்படி அடக்கினார்கள் என்பதற்கு என்னால் முடிந்தவரை விடை சொல்கிறேன். இதே வகை எழுத்து விளையாட்டுகளை உருவாக்கிய அமெரிக்காவின் இன்ஃபோகாம் நிறுவனம் நெகிழ்வட்டை நம்பியது. வேண்டிய பத்தியை வேண்டியபோது வட்டிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். இங்கிலாந்து வீடுகளில் பெரும்பாலும் இருந்தது கேசட்தான் என்பதால், விளையாட்டு முழுவதும் ஒரே மூச்சில் நினைவகத்துக்குள் வந்துவிட வேண்டியிருந்தது. பிபிசி மைக்ரோவின் 32 கிலோபைட்டில் வண்ணப்படத் திரைக்கே 20 கிலோபைட் வரை போய்விடும். 25 வரி, 40 எழுத்து கொண்ட ஏழாம் திரைமுறையோ 1 கிலோபைட்டில் முடிந்துவிடும்.

மிச்சத்தைக் காத்தவை இரண்டு உத்திகள். ஒன்று, ஏ-கோடு என்று அவர்களே வகுத்துக்கொண்ட சுருக்கமான மொழி. அதைப் படித்து இயக்கும் சிறு நிரலை மட்டும் ஒவ்வொரு கணினிக்கும் தனியாக எழுதினால் போதும், விளையாட்டை மாற்றி எழுத வேண்டியதில்லை. மற்றொன்று, அடிக்கடி வரும் எழுத்துத் தொடர்களுக்குப் பதிலாக ஒற்றைக் குறியை வைப்பது. நம் மொழியில் சொன்னால், ‘இருக்கிறது’ என்ற சொல் யுனிகோடு என்ற எழுத்துக் குறியீட்டில் 10 குறிகளாகி, அவற்றைச் சேமிக்கும் யுடிஎஃப்-8 முறையில் 30 பைட் பிடிக்கும். அதன் இடத்தில் ஒரு பைட்டை வைத்தால், ஒவ்வொரு முறையும் 29 பைட் மிச்சம்.

1983இல் வந்த ‘ஸ்னோபால்’ விளையாட்டில் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட இடங்கள் உண்டு. அவற்றுள் சுமார் 6,800 இடங்கள் வண்ணக் குறியீட்டால் மட்டும் வேறுபடும் ஒரே வகைப் பாதைகள். எனவே தனித்தனியாக எழுதிவைக்கத் தேவையில்லை. இதை ஏமாற்று என்று சிலர் சொல்வதை நான் ஏற்க மாட்டேன். நம் ஊரையே பாருங்கள்: சித்திரை, ஆவணி மூல, மாசி, வெளி என்ற நான்கு பெயர்களும் கீழ, மேல, தெற்கு, வடக்கு என்ற நான்கு திசைகளும் சேர்ந்து பதினாறு வீதிகள் ஆகின்றன. ‘வீதி’ என்பதையும் சேர்த்து ஒன்பது சொற்களை வைத்திருந்தால், பதினாறையும் எழுதிவிடலாம்.

மறுமொழி – திருநகர் வாசகர்

மிக்க நன்றி, ஐயா. நீங்கள் சொன்ன வீதிக் கணக்கைப் படித்த இரவே, தமிழில் ஒரு சிறிய எழுத்து விளையாட்டைத் தொடங்கிவிட்டேன். கீழ மாசி வீதித் தேர்முட்டியிலிருந்து ஆட்டம் ஆரம்பமாகிறது. முதல் நாளே ஒரு சிக்கல் வந்தது: பிள்ளை ‘கீழ போ’ என்று தட்டியபோது, படியிறங்கச் சொல்கிறானா, கிழக்கே போகச் சொல்கிறானா என்று நிரலுக்குத் தெரியவில்லை. அந்த இடத்தில் படிக்கட்டு இருந்தால் இறங்கவும், இல்லாவிட்டால் கிழக்கே நடக்கவும் இப்போதைக்கு எழுதி வைத்திருக்கிறேன்.