இ-ஃபுட்பால் லைவ் போட்டால் தேடலில் வருவதே இல்லை. தலைப்பிலா டேகிலா, எங்கே கோளாறு?

கடியப்பட்டணம் கீப்பர்:

எல்லாருக்கும் வணக்கம். நானும் சித்தி மகனும் சேர்ந்து மொபைலில் இ-ஃபுட்பால் விளையாடி யூடியூபில் லைவ் போடுகிறோம். போனை லேப்டாப்பில் இணைத்து ஓபிஎஸ் என்கிற லைவ் மென்பொருள் வழியாக அனுப்புகிறோம். கமென்ட்ரி முழுக்க நம்ம ஊர்த் தமிழ்தான். தூத்தூர், சின்னத்துறை பக்கம் டோர்னமென்ட் நடக்கும்போது மைக்கைப் பிடித்துக்கொண்டு ஒருத்தர் விடாமல் பேசுவாரே, அந்தத் தினுசு. பார்த்தவர்கள் நன்றாக இருக்கிறது என்றுதான் சொல்கிறார்கள். ஆனால் பார்ப்பவர்கள் எல்லாம் நாங்கள் வாட்ஸ்அப்பில் லிங்க் அனுப்பி வரவழைத்த ஆட்கள். தானாகத் தேடி வந்தவர் என்று ஒருத்தரும் இல்லை.

கடைசியாக வைத்த தலைப்பு இது: "வாங்க மக்கா கெத்து காட்டுவோம் | நைட் லைவ் | ரோடு டு ஒன் கே". விளக்கத்தில் எங்கேயோ கிடைத்த ஹேஷ்டேக் பட்டியலை அப்படியே ஒட்டியிருக்கிறேன். எழுபது எண்பது இருக்கும். #இ-ஃபுட்பால், #வைரல், #ட்ரெண்டிங், #பப்ஜி, #கன்னியாகுமரி என்று போகும்.

கூட்டாளி ஒருத்தன் "அர்ஜென்டினா × பிரேசில் லைவ்னு டைட்டில் வைலே, ஆள் குவியும்" என்கிறான். கேமில் அந்த இரண்டு டீமையும் வைத்துத்தான் விளையாடுகிறோம், பொய் இல்லையே என்பது அவன் வாதம். வைக்கலாமா?

இன்னொன்று, இதற்கும் அதற்கும் சம்பந்தம் உண்டா என்று தெரியவில்லை. லைவில் சாட் வருவதே இல்லை. இங்கே நெட் அப்படி, அதனால் இருக்கும் என்று விட்டுவிட்டேன்.

தக்கலை டச்லைன்:

முதலில் அந்த ஹேஷ்டேக் பட்டியலை அழி தம்பி. ஒரு வீடியோவில் 60 ஹேஷ்டேகுக்கு மேல் போனால் யூடியூப் எதையும் கணக்கில் எடுக்காது. அதாவது அறுபதை எடுத்துக்கொண்டு மீதியை விடுவது இல்லை, மொத்தத்தையும் தள்ளிவிடும். உன் பட்டியல் எண்பது என்றால் இதுவரை ஒரு டேக்கும் போடாததும் அதுவும் ஒன்றுதான்.

அடுத்தது #இ-ஃபுட்பால். நடுவில் ஒரு கோடு இருக்கிறது பார். பெரும்பாலான தளங்களில் ஹேஷ்டேக் அந்தக் கோட்டோடு முடிந்துவிடும். மிஞ்சுவது #இ மட்டும். உன் போனிலேயே பார்க்கலாம், நீல நிறம் எதுவரைக்கும் வருகிறதோ அதுவரைக்கும்தான் டேக். இடைவெளி, கோடு, புள்ளி எதுவும் இல்லாமல் சேர்த்து எழுது: #இஃபுட்பால்.

#கன்னியாகுமரி போடுவதில் தப்பில்லை, பலனும் இல்லை. அதைத் தொட்டுப் பார். சூரிய உதயம், வள்ளுவர் சிலை, 2024 டிசம்பரில் திறந்த கண்ணாடிப் பாலம், கல்யாண வீடியோ, அவ்வளவுதான் வரும். அங்கே வருகிறவன் கேம் தேடி வருகிறவன் இல்லை. #பப்ஜி போடுவது அதைவிட மோசம். வந்து பார்த்தால் வேறு கேம் ஓடுகிறது, இரண்டு நொடியில் போய்விடுவான்.

மூன்று நான்கு போதும். தலைப்புக்குப் பக்கத்தில் யூடியூப் காட்டுவதே மூன்று வரைக்கும்தான்.

வடசேரி எடிட்டர்:

தக்கலை அண்ணன் சொன்னது சரி. ஆனால் ஹேஷ்டேகை மட்டும் திருத்திவிட்டு ஆள் வரும் என்று உட்கார்ந்திருக்க வேண்டாம். நான் சில சேனல்களுக்கு எடிட்டிங் பண்ணிக் கொடுக்கிறேன். வேலை செய்கிற இடம் வேறு.

யூடியூப் ஸ்டுடியோவில் அந்த லைவைத் திறந்து விவரங்கள் பக்கத்தில் கீழே போங்கள். "மேலும் காட்டு" என்பதைத் தட்டினால் கேட்டகரி வரும். அதில் கேமிங் என்று மாற்றினால் கேம் பெயரைக் கேட்டு ஒரு பெட்டி வரும். அங்கே கேமின் இப்போதைய அதிகாரப்பூர்வப் பெயரை அடித்து, கீழே வருகிற பட்டியலிலிருந்து தேர்ந்தெடுக்க வேண்டும். நாமே எழுதிவிட்டுப் போவதைவிட அதைத் தேர்ந்தெடுப்பதுதான் முக்கியம், அப்போதுதான் அது இந்த கேம் என்று யூடியூபுக்கு உறுதியாகத் தெரியும். அதே பக்கத்தில் வீடியோ மொழி இருக்கும், தமிழ் என்று வையுங்கள். எத்தனையோ தமிழ் சேனல்களில் அது காலியாகவே கிடக்கிறது.

டேக்ஸ் என்று தனியாக ஒரு பெட்டி உண்டு. மொத்தம் 500 எழுத்து போடலாம். அதற்குப் பெரிய பங்கு இல்லை, பெயரைத் தப்பாக அடிக்கிறவர்களுக்குத்தான் உதவும் என்று யூடியூபே சொல்கிறது. உங்கள் கேமுக்கு அது ஒரு வகையில் வசதி. இ-ஃபுட்பால் என்று அதைத் தயாரிக்கும் கொனாமி கம்பெனி பெயர் மாற்றியது 2021இல். நம்ம பக்கத்துப் பையன்கள் இன்னும் பெஸ் என்றுதான் சொல்கிறார்கள், அப்படித்தான் தேடுகிறார்கள். அந்தப் பழைய பெயரையும், எழுத்து மாற்றி அடிக்கிற வடிவங்களையும் அந்தப் பெட்டியில் போடுங்கள். ஃபிஃபா மொபைல் ஆடுகிறவர்களுக்கும் இதேதான். 2023இல் அது ஈஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி ஆகிவிட்டது, ஆனாலும் ஊரில் அதற்குப் பெயர் ஃபிஃபாதான்.

தலைப்பில் கேம் பெயரே இல்லையே! "கெத்து காட்டுவோம்" என்று யாரும் தேடமாட்டார்கள். 100 எழுத்து வரை இடம் உண்டு, ஆனால் போனில் பாதி வெட்டுப்பட்டுத்தான் தெரியும். அதனால் கேம் பெயர் முதலில், தமிழ் என்பது அடுத்து, அன்றைக்கு என்ன ஆட்டம் என்பது அதற்கப்புறம். மக்காவைக் கடைசியில் கூப்பிடலாம்.

கேம் பெயரை ஆங்கில எழுத்தில் ஒரு தடவை, தமிழ் எழுத்தில் ஒரு தடவை போடுங்கள். கையால் அடிக்கிறவர்கள் ஆங்கில எழுத்தில்தான் அடிக்கிறார்கள். மைக்கைத் தட்டிப் பேசித் தேடுகிறவர்களுக்கு, போனில் தமிழ் வைத்திருந்தால் தமிழ் எழுத்தில் வந்து விழும். எங்கள் வீட்டில் அப்பா தேடுவது முழுக்க மைக்கில்தான்.

கடியப்பட்டணம் கீப்பர்:

நன்றி அண்ணே, நன்றி அக்கா. கேட்டகரியைப் பார்த்தேன், "பீப்பிள் அண்ட் பிளாக்ஸ்" என்று இருந்தது. மாற்றிவிட்டேன். மொழியும் காலிதான், தமிழ் வைத்தாயிற்று. சாட் மட்டும் இன்னும் வரவில்லை.

பார்வதிபுரம் பிங்:

உன் சித்தி மகனுக்கு என்ன வயசு? கேமராவில் அவன் முகம் தெரிகிறதா? 2025 ஜூலை 22 முதல் யூடியூபில் தனியாக லைவ் போடக் குறைந்தது 16 வயது ஆகியிருக்க வேண்டும். சின்னப் பையன் மட்டும் திரையில் தெரிந்து பெரியவர் யாரும் கூட இல்லையென்றால் சாட்டை எடுத்துவிடுவார்கள், சில நேரம் வேறு வசதிகளும் போகும். நெட் மெதுவாக இருந்தால் சாட் திணறும், ஒரேயடியாகக் காணாமல் போகாது.

கடியப்பட்டணம் கீப்பர்:

அவன் பாலிடெக்னிக் இரண்டாம் வருஷம் அண்ணே. கேமராவும் போடுவதில்லை, கேம் திரையும் குரலும் மட்டும்தான்.

வடசேரி எடிட்டர்:

அப்படியானால் ஒன்று பாருங்கள். லைவ் முடிந்து வீடியோவாக நிற்கிறதே, அதன் கீழே கமென்ட் போட முடிகிறதா?

கடியப்பட்டணம் கீப்பர்:

இல்லை அக்கா. கமென்ட் ஆஃப் செய்யப்பட்டிருக்கிறது என்று காட்டுகிறது. எல்லா வீடியோவிலும் அப்படித்தான்.

வடசேரி எடிட்டர்:

அப்போ அதுதான். சேனலை "குழந்தைகளுக்கானது" என்று யாரோ டிக் போட்டு வைத்திருக்கிறார்கள். ஸ்டுடியோவில் செட்டிங்ஸ், அதில் சேனல், அதில் அட்வான்ஸ்டு செட்டிங்ஸ் போங்கள். முதல் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும்.

சேனல் ஆரம்பிக்கும்போது இதைப் படித்தால், கெட்ட விஷயம் எதுவும் இல்லையே, குழந்தைகளும் பார்க்கலாமே என்று ஆமாம் போடத் தோன்றும். அவர்கள் கேட்பது அது இல்லை. குழந்தைகளை மனதில் வைத்தே எடுத்த வீடியோவா என்றுதான் கேட்கிறார்கள். அமெரிக்காவின் குழந்தைகள் தனியுரிமைச் சட்டத்தால் வந்த கேள்வி, 2020 ஜனவரியிலிருந்து உலகம் முழுக்க எல்லாருக்கும் கேட்கிறார்கள். ஆமாம் என்று சொல்லிவிட்டால் சாட் இருக்காது, கமென்ட் இருக்காது, சப்ஸ்கிரைபர்களுக்கு நோட்டிஃபிகேஷனும் போகாது. நீங்கள் லைவ் வந்தது உங்கள் சப்ஸ்கிரைபர்களுக்கே தெரிந்திருக்காது.

மாற்றுவதற்கு முன் ஒன்று. உங்கள் கமென்ட்ரி நிஜமாகவே பொதுவான ஆட்களுக்குத்தானே? சின்னப் பிள்ளைகளுக்கென்றே பண்ணுவதாக இருந்தால் இல்லை என்று பொய் சொல்லக்கூடாது.

கடியப்பட்டணம் கீப்பர்:

சின்னப் பிள்ளைகளுக்கா! கோல் விட்டதும் இவன் பேசுகிற பேச்சுக்கு சித்தியே வந்து கதவைத் தட்டுவார். சேனல் செட்டிங் எல்லாம் அவன்தான் போட்டான், அதில் ஆமாம் என்றே இருந்தது. இப்போது மாற்றி, பழைய வீடியோக்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்துச் சரி பண்ணிவிட்டேன். டெஸ்ட் லைவ் ஒன்று போட்டேன், சாட் வந்துவிட்டது!

அர்ஜென்டினா தலைப்பு பற்றி யாருமே சொல்லவில்லையே?

தக்கலை டச்லைன்:

வைக்காதே. கேமில் அந்த டீம்தான் ஆடுகிறது என்பது உனக்குத் தெரியும். தலைப்பை மட்டும் பார்க்கிறவனுக்கு அது நிஜ மேட்ச். உலகக் கோப்பை சமயத்தில் நம்ம கடற்கரை முழுக்க அந்த இரண்டு கொடியும் ஃபிளெக்ஸும்தான், உனக்கே தெரியும். அந்த வெறியில் வருகிறவன் கேம் ஓடுவதைப் பார்த்தால் சும்மா போகமாட்டான், சாட்டில் கெட்ட வார்த்தை போட்டுவிட்டு, தப்பான தகவல் என்று ரிப்போர்ட்டும் அடித்துவிட்டுத்தான் போவான்.

தலைப்பிலும் தம்ப்நெயிலிலும் இல்லாததைக் காட்டி ஆள் இழுப்பது யூடியூப் விதிக்கு விரோதம். 2024 டிசம்பரில் இந்தியாவுக்கென்றே தனியாக அறிவித்து, அப்படிப்பட்ட வீடியோக்களை எடுக்க ஆரம்பித்தார்கள். "இ-ஃபுட்பால் மொபைல் தமிழ்: அர்ஜென்டினாவா பிரேசிலா, தோற்றவன் புரோட்டா வாங்கணும்" என்று வை. யாரும் ஏமாறமாட்டார்கள், அந்தப் பெயர்களும் தலைப்பில் வந்துவிடும்.

மார்த்தாண்டம் மிட்ஃபீல்டர்:

ட்விட்ச் என்கிற லைவ் தளத்திலும் போட்டுப் பார்க்கலாமே? அங்கே நான் கொஞ்ச நாளாக இருக்கிறேன். தேடல் என்பதைவிட கேட்டகரிக்குள் போய்த்தான் பார்ப்பார்கள், அதனால் கேட்டகரி தப்பாக இருந்தால் ஆளே இல்லை. டேக் பத்து வரை, ஒவ்வொன்றும் 25 எழுத்துக்குள், இடைவெளி கூடாது. ஒன்று கண்டிப்பாகத் தமிழ் என்று இருக்கட்டும்.

பார்வதிபுரம் பிங்:

தமிழ் கூட்டம் யூடியூபில்தான் அதிகம், முதலில் ஒரே இடத்தில் நில்லு.

தலைப்பு டேக் எல்லாம் சரி, லிங்க் சாகாமல் இருக்கணும் இல்லையா? ஜூன் மாதம் காற்றடித்தால் நம்ம பக்கம் கரண்ட் எப்படிப் போய் வரும் என்று சொல்லவே வேண்டாம். ரவுட்டர் ஒரு நிமிஷம் அணைந்தால் லைவ் முடிந்துபோகும், நீ புதிதாக ஒன்று தொடங்குவாய், வாட்ஸ்அப்பில் போன லிங்க் பழையதிலேயே நிற்கும். லைவ் கன்ட்ரோல் ரூமில் ஆட்டோ ஸ்டாப் என்று ஒன்று இருக்கும், அதை ஆஃப் பண்ணு. திரும்ப நெட் வந்ததும் ஓபிஎஸ் அதே லைவில் தொடரும், உட்கார்ந்திருந்தவர்களும் அங்கேயே இருப்பார்கள். முடிக்கும்போது கையால் முடிக்க மறக்காதே, இல்லையென்றால் அது பாட்டுக்கு முடியாமலே கிடக்கும்.

துபாய் தூத்தூரான்:

தம்பி, நான் கேட்கவேண்டியது ஒன்றுதான். திடீரென்று லைவ் போடாமல் இரண்டு நாள் முன்னாலேயே ஷெட்யூல் பண்ணிப் போடு. லிங்க் அப்போதே கிடைக்கும், தலைப்பு டேக் எல்லாம் நிதானமாகத் திருத்தலாம், நாங்களும் நினைவூட்டலைத் தட்டி வைப்போம். இங்கே ரூமில் நம்ம ஊர்ப் பையன்கள் எட்டுப் பேர் இருக்கிறோம், எல்லாருக்கும் இந்த கேம் பைத்தியம். நம்ம ஊர்ப் பேச்சில் கமென்ட்ரி என்றால் விடுவோமா?

நாள் பார்த்து வை. சவூதி, குவைத், கத்தாரில் வெள்ளி சனி லீவு. எங்களுக்கு 2022லிருந்து சனி ஞாயிறு. வெள்ளி ராத்திரி வைத்தால் இரண்டு பக்கமும் ஆள் கிடைக்கும்.

கடியப்பட்டணம் கீப்பர்:

சரி அண்ணே, வெள்ளிக்கிழமை ராத்திரி 10:30க்கு ஷெட்யூல் பண்ணிவிட்டேன். தம்ப்நெயிலிலும் பெரிதாக 10:30 என்று போட்டிருக்கிறேன். தலைப்பு தக்கலை அண்ணன் சொன்னதேதான், புரோட்டாவோடு.

வடசேரி எடிட்டர்:

தம்ப்நெயிலில் நேரத்தை எடுத்துவிடுங்கள். ஷெட்யூல் பண்ணிய நேரத்தை யூடியூப் அவரவர் ஊர்க் கணக்கில் காட்டும், துபாயில் 9 மணி என்று வரும். பக்கத்திலேயே உங்கள் படத்தில் 10:30 என்று இருந்தால் அவர்கள் எதை நம்புவார்கள்? அந்த இடத்தில் கேம் பெயரைப் போடுங்கள்.

துபாய் தூத்தூரான்:

நல்லவேளை சொன்னீர்கள், நான் ஒன்றரை மணி நேரம் கழித்துத்தான் வந்திருப்பேன்.