ஏ.ஆர். காப்பியில் இருந்த அந்த ஒரு வரி

இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் ஒருவரிடம் பல வருடம் கிளார்க்காக இருந்தேன், சென்னை சிறுவழக்கு நீதிமன்றத்தில் எம்.சி.ஓ.பி. (சாலை விபத்து இழப்பீட்டு மனு) கட்டுகளோடு அலைவதுதான் வேலை. சந்தேகம் வந்தால் எங்கள் சீனியர் எஃப்.ஐ.ஆரை ஓரமாக வைத்துவிட்டு ஆஸ்பத்திரியின் ஏ.ஆர். காப்பியைத்தான், அதாவது விபத்துப் பதிவேட்டின் நகலைத்தான் கேட்பார். அடிபட்டு வந்த கையோடு கேஷுவாலிட்டி டாக்டர் எழுதுவது அது, இழப்பீட்டை யாரும் யோசித்திருக்காத நேரம். ஒரு வழக்கில் 'டூவீலரில் போகும்போது தானாகச் சறுக்கி விழுந்ததாக நோயாளியே சொன்னார்' என்று அதில் இருந்தது. மூன்று வாரம் கழித்துப் போட்ட எஃப்.ஐ.ஆரிலோ வேன் இடித்ததாம்! தானே விழுந்தால் வண்டியை ஓட்டிய ஓனருக்கான பி.ஏ. (தனிநபர் விபத்து) கவர் மட்டும்தான், அது மரணத்துக்கும் நிரந்தர ஊனத்துக்கும் உள்ளது, கால் முறிவுக்கு வராது. அதனால்தான் வேன் முளைத்தது. வேன் ஓனர் கோர்ட்டுக்கே வரவில்லை, விசாரித்தால் அவர் மனுதாரருக்குச் சொந்தக்காரர். மோட்டார் வாகனச் சட்டம் 170-வது பிரிவில் மனுப் போட்டு, ஓனர் சொல்லவேண்டிய வாதத்தையும் நாங்களே எடுத்தோம். ஆஸ்பத்திரி ரிஜிஸ்டரோடு டாக்டர் கூண்டேறினார், எம்.வி.ஐ. (மோட்டார் வாகன ஆய்வாளர்) ரிப்போர்ட்டில் வேனில் ஒரு கீறல்கூட இல்லை. தள்ளுபடி.

*

மேலே கிளார்க் சொன்னதெல்லாம் சில்லறை. உத்தரப் பிரதேசத்தில் போலி விபத்து வழக்குகளை விசாரிக்க 2015-லேயே அலகாபாத் ஹைகோர்ட் சொல்லி சிறப்புப் புலனாய்வுக் குழு போட்டார்கள். விசாரணை நத்தை வேகத்தில் போக, 2021-ல் சுப்ரீம் கோர்ட் கண்டித்த பிறகுதான் அங்குள்ள பார் கவுன்சில் இதில் சிக்கிய 28 வக்கீல்களை சஸ்பெண்ட் செய்தது. வழக்குப் போடும் கட்சிக்காரர் தனியாக யோசித்துச் செய்கிற வேலையா இது?

*

முதலில் எழுதியவர் கோபித்துக்கொள்ள வேண்டாம். எங்கள் சித்தப்பா விஷயத்தில் அதே ஏ.ஆர். காப்பிதான் எங்களைப் படுத்தி எடுத்தது. அவருக்குச் சுயநினைவில்லை, வழியில் போன யாரோ ஆட்டோவில் ஏற்றிக் கொண்டுவந்து 'ரோட்டில் விழுந்து கிடந்தார்' என்று சொல்ல, 'தவறி விழுந்தவர்' என்று எழுதிவிட்டார்கள். இடித்தது லாரி. ஐ.சி.யு. வாசலில் உட்கார்ந்திருந்ததில் போலீஸுக்கும் தாமதமாகத்தான் போனோம், சரி, இன்சூரன்ஸ் கம்பெனி தன் கவுண்டரில் (எதிர்மனுவில்) 'ஜோடிக்கப்பட்ட வழக்கு' என்றே எழுதினார்கள், சித்தி அதைப் படித்துவிட்டு அழுதது தனிக் கதை. எஃப்.ஐ.ஆர். தாமதம் என்பதற்காக மட்டும் உண்மையான வழக்கைத் தள்ளக்கூடாது என்று 2011-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னதை எங்கள் வக்கீல் காட்டினார். ஆனால் வழக்கைத் திருப்பியது குறுக்கு விசாரணையில் டாக்டர் சொன்ன பதில்தான்: "நோயாளி பேசும் நிலையில் இல்லை, அழைத்து வந்தவர் சொன்னதை எழுதினேன்." எதிரே டீக்கடை வைத்திருப்பவர் லாரி இடித்ததை நேரில் பார்த்ததாகச் சாட்சி சொன்னார். இதில் கிரிமினல் வழக்கு மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்கத் தேவையில்லை, எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்றுதான் பார்ப்பார்கள். தீர்ப்பு எங்களுக்குச் சாதகம். கம்பெனி சி.எம்.ஏ. (மேல்முறையீடு) போட்டிருக்கிறது, ஹைகோர்ட்டில் இன்னும் நிலுவையில்தான் இருக்கிறது.