காலந்தப்பி ஓசை: ஒலி அமைப்பவர்களின் பகிர்வுகள்

கற்பனை உலகக் கதையில் "காலம் தப்பி அலையும் ஓசை" என்று எழுதிவிடுவது சுலபம். பாழடைந்த கோட்டையில் எப்போதோ அடித்த மணி, 300 வருடம் கழித்து ஊருக்குள் கேட்கிறது. ஒலிநாடகத்துக்கோ வீடியோ கேமுக்கோ அதைச் செய்யச் சொன்னால் பெரும்பாலோர் கை நேராக எக்கோவுக்கும் (எதிரொலி) ரீவெர்புக்கும் (அறைக்குள் ஒலி தங்கி நிற்கும் முழக்கம்) போகும். அவை இடத்தைக் காட்டும், காலத்தைக் காட்டாது. குகைக்குள் மணி அடித்த மாதிரி இருக்கும், அவ்வளவுதான்.

இதற்கு இயற்கையிலேயே ஒரு மாதிரி இருக்கிறது: விசிலர். மின்னல் கிளப்பும் ரேடியோ அலை, பூமியின் காந்தப்புலக் கோட்டைப் பிடித்துக்கொண்டு மறு அரைக்கோளம் வரை போகிறது. வழியில் உள்ள பிளாஸ்மாவில் (மின்னேற்றத் துகள்கள் நிறைந்த வாயு) உயர் அதிர்வெண் வேகமாகவும் தாழ்ந்தது மெதுவாகவும் நகர்வதால், 'டக்' என்று முடிய வேண்டியது 'வீய்ய்ய்' என்று இறங்கும் சீட்டியாக வந்து சேர்கிறது. முதல் உலகப் போரில் எதிரியின் தொலைபேசியை ஒட்டுக்கேட்ட கருவிகளில் விழுந்த இந்தச் சீட்டியைப் பற்றி ஜெர்மன் இயற்பியலாளர் பார்க்ஹவுசன் 1919-ல் எழுதினார். 1953-ல் பிரிட்டிஷ் ஆய்வாளர் ஸ்டோரி காரணத்தை விளக்கினார்.

நமக்கு வேண்டியது அதன் கணக்கு மட்டும்தான். தாமதம் = 'சி' ÷ அதிர்வெண்ணின் வர்க்கமூலம். 'சி' என்பது சிதறல் எண். அதை 60 என்று வைத்தால் 4000 ஹெர்ட்ஸ் 0.95 நொடியிலும் 1000 ஹெர்ட்ஸ் 1.90 நொடியிலும் வரும். அதிர்வெண் நாலில் ஒன்றானால் தாமதம் இரட்டிக்கிறது. அந்தச் சிதறல் எண்ணையே ஓசையின் வயதாக வைத்துக்கொள்ளுங்கள். நேற்றைய ஓசைக்கு 2, ஒரு தலைமுறைக்கு 10, கோட்டை மணிக்கு 60 என உங்கள் உலகத்துக்கு ஒரு அட்டவணை போட்டுவிட்டால் நூறு காட்சி வந்தாலும் விதி மாறாது.

செய்முறை: சைன்(2 × பை × 3600 ÷ நே). 3600 என்பது 60-ன் வர்க்கம். நேரம் 'நே' 0.6-லிருந்து 3 நொடி வரை ஓடட்டும். 10,000 ஹெர்ட்ஸில் தொடங்கி 400-க்கு இறங்கும் 2.4 நொடிச் சீட்டி கிடைக்கும். 48 கிலோஹெர்ட்ஸில் 1,15,200 சாம்பிள். இரு முனையிலும் 20 மில்லிநொடி ஃபேடு (ஒலி மெல்ல ஏறி, மெல்ல அடங்குவது) கொடுங்கள், இல்லாவிட்டால் 'டிக்' கேட்கும். ரீப்பர் என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில், ரீவெர்ப் செருகியில் இதை இம்பல்ஸ் கோப்பாக (எந்த ஒலியையும் இதன் வடிவத்தில் பரப்பித் தரும் மாதிரிக் கோப்பு) ஏற்றி, நேரடி ஒலியை முழுக்க அணைத்துவிட்டு மணியை அதன் வழியே விடுங்கள். ஆடாசிட்டி மென்பொருளின் சிர்ப் (அதிர்வெண் ஏறி இறங்கும் சீட்டியை உருவாக்கும் வசதி) உதவாது. அதில் நேர்கோடும் மடக்கையும்தான் உண்டு, இந்த வளைவு இரண்டிலும் சேராது. பைத்தானில் நாலு வரி எழுதிக்கொள்வதே மேல்.

—

சூத்திரம் சரி, ஆனால் இப்படியே செய்தால் மணி மந்தமாக, போர்வைக்குள் அடித்த மாதிரி வரும். சீட்டி கீழே இறங்க இறங்க ஒவ்வொரு அதிர்வெண்ணிலும் அதிக நேரம் தங்குகிறது. அதனால் ஒரு ஆக்டேவ் (அதிர்வெண் பாதியாவது) இறங்கும்போது 4.5 டெசிபல் கூடிவிடுகிறது. 10,000-லிருந்து 400 வரை மொத்தம் 21 டெசிபல் சாய்வு. ஈக்வலைசரில் மல்லுக்கட்ட வேண்டாம். சீட்டியைச் செய்யும்போதே 'நே'யின் ஒன்றரை அடுக்கால் வகுத்துவிடுங்கள், சமனாகிவிடும்.

இன்னொன்று, 3 நொடியில் நிறுத்தினால் 400 ஹெர்ட்ஸுக்குக் கீழே எதுவும் வெளியே வராது. பெரிய மணியின் ரீங்காரமே அங்கேதான் இருக்கிறது. 6 நொடி வரை நீட்டினால் 100 ஹெர்ட்ஸ் வரை கிடைக்கும்.

மணிப் பதிவுதான் பலர் கோட்டை விடும் இடம். 24 பிட், உச்சம் மைனஸ் 12 டெசிபல், மைக் 2 அல்லது 3 மீட்டர் தள்ளி. ஒரு அடி அடித்துவிட்டு ரீங்காரம் முழுசாக அடங்கும் வரை பதிவை நிறுத்தாதீர்கள், குறைந்தது ஒரு நிமிடம். நடுவில் காக்கா கரைந்தாலோ பைக் ஹாரன் அடித்தாலோ அந்தப் பதிவு வீண். மணி சிதறும்போது ஹாரனும் சேர்ந்து சிதறி, முந்நூறு வருடத்துக்கு முந்தைய கோட்டையில் பைக் ஓடும்.

சுருதியை இறக்கப் போகிறீர்களா? 48 கிலோஹெர்ட்ஸ் பதிவை இரண்டு ஆக்டேவ் இறக்கினால் 6000 ஹெர்ட்ஸுக்கு மேல் வெறுமைதான். 192-ல் எடுக்கலாம், ஆனால் மைக்கும் 20,000-க்கு மேல் கேட்க வேண்டும். சாதாரண மைக்கில் அந்த எண் கோப்பின் அளவைத்தான் பெரிதாக்கும்.

—

எந்த ஓசைக்கு இது எடுபடும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆற்று இரைச்சல், மழை, சந்தைக் கூச்சல் எதற்கும் எடுபடாது. தொடர்ந்து ஓடும் இரைச்சலுக்குத் தொடக்கம் என்று ஒன்று கிடையாது, எவ்வளவு சிதறடித்தாலும் அதே இரைச்சல்தான். மணி, உளியடி, கதவு சாத்துவது, கைதட்டல் போல 'டக்' என்று தொடங்குபவைதான் வேண்டும்.

பேச்சுக்கு மிகச் சிறிய எண் போதும். 2 வைத்தால் 4000-க்கும் 500-க்கும் இடையே 58 மில்லிநொடி இடைவெளிதான், வார்த்தை புரியும், குரலில் மட்டும் ஒரு விசித்திரம் ஒட்டிக்கொள்ளும். 10 வைத்தால் அந்த இடைவெளி 289 மில்லிநொடி. ஒரு அசையின் உயிரெழுத்து பின்தங்கி அடுத்த அசையின் மெய்யெழுத்தின் மேல் ஏறி உட்கார்ந்துகொள்ளும், ஒன்றும் புரியாது. மூதாதையர் குரல் எச்சரிக்கிற காட்சியில் 60 போட்டுவிட்டு 'டயலாக் புரியலையே' என்று திட்டு வாங்குவது இதனால்தான்.

இந்த முறையில் ரொம்பப் பிடித்த பகுதி திரும்பக் கூட்டுவது. அதே சீட்டிக் கோப்பைப் பின்னிருந்து முன்னாகத் திருப்பி, சிதறிய ஓசையை அதன் வழியே விட்டால் மணி மறுபடி ஒரே அடியாகக் கூடிவிடும். திருப்பியது 55 என்றால் 5 மிச்சம் நிற்கும், நேர்க் கழித்தல்தான். ஆகவே மந்திரவாதி காலத்தைத் துழாவுகிற காட்சியில் 20, 40, 55, 60 என்று நாலு கோப்பு போதும். ஒவ்வொன்றுக்கும் சீட்டி கேட்கும் நேரம் குறைந்து, கடைசியில் 'டண்' என்று மணி. இரண்டு கோப்புக்கும் அதிர்வெண் எல்லை ஒன்றாக இருக்க வேண்டும். மேலே சொன்ன சாய்வுத் திருத்தத்தை விட்டுவிட்டால் இங்கே ஆக்டேவுக்கு 9 டெசிபலாக இரட்டித்து, கூடிய மணி களிமண் மணியாக வரும்.

—

ரீவெர்பை அடியோடு ஒதுக்க வேண்டாம், எதைச் சிதறடிக்கிறோம் என்பதைக் கவனித்தால் போதும். சிதறல் மணிக்கு மட்டும், அறை ரீவெர்ப் அதற்கு மேல். காலத்தில் அலைந்தது ஓசை, கேட்பவர் நிற்பதோ இன்றைய அறையில். மணிக்கு இரண்டில் எதை முதலில் போட்டாலும் முடிவு ஒன்றுதான், ஆனால் மொத்தக் கலவையையும் சிதறடித்தால் கேட்பவரே மயங்கி விழுந்த மாதிரி இருக்கும். சுற்றுப்புறத்துச் சில்வண்டு, காற்று எதையும் தொடாதீர்கள். அவை ஒழுங்காக ஓடினால்தான் மணியின் கோணல் தெரியும்.

ஓசை காரணத்துக்கு முன்பே வரவேண்டும் என்றால் தலைகீழ் ரீவெர்ப்: கோப்பைத் திருப்பி, முடிவில் ரீவெர்ப் நீளத்துக்கு மௌனம் சேர்த்து, 100 சதவீதம் ரீவெர்பில் ஓட்டி, மறுபடி திருப்புங்கள். மௌனம் சேர்க்க மறந்தால் வால் வெட்டுப்பட்டு தொடக்கமே துள்ளும். ப்ரீ-டிலே (ரீவெர்ப் தொடங்கும் முன் விடும் இடைவெளி) பூஜ்ஜியம், இல்லாவிட்டால் எழுச்சிக்கும் அடிக்கும் நடுவில் ஓட்டை விழும்.

என்ன ஓசை என்பதையே மறைக்க வேண்டுமானால் மணியை அடிக்கும் அந்தத் தொடக்க ஓசையை வெட்டிவிடலாம். பிரெஞ்சு இசையமைப்பாளர் பியர் ஷெஃபர் 1948-ல் செய்து பார்த்ததுதான். அடி போய், தேய்வையும் சமன் செய்துவிட்டால் மணி ஓபோ வாத்தியம் போல ஒலிக்கிறது. முதல் அத்தியாயத்தில் வெட்டிய மணி, கடைசியில் முழு மணி.

—

கடைசிச் சோதனை போன் ஸ்பீக்கரில். ஹெட்போனில் பிரமாதமாக இறங்கிய சீட்டி, போனில் பாதி வழியில் காணாமல் போகும். கீழ் ஸ்வரங்களை அந்தச் சின்ன ஸ்பீக்கர் தராது. மொபைல் கேம் என்றால் 800 ஹெர்ட்ஸோடு முடிகிற தனிச் சீட்டி ஒன்று செய்யுங்கள். 60-க்கு 'நே' 2.12 நொடியில் நிற்கும்.