பத்திரத்தில் உள்ள வண்டித்தடம் எஃப்எம்பியில் இல்லை. வேலி போட்டு அடைத்துவிட்டார்கள்

கேள்வி (மேக்காடு):
1987-இல் பதிவான பாகப்பிரிவினைப் பத்திரம். தெற்குப் பாகம் ரோட்டை ஒட்டியது, வடக்குப் பாகம் உள்ளடங்கியது. வடக்குப் பாகத்தின் சொத்து விவரத்தில் "தென்வடல் 8 அடி அகல மாமூல் தடத்தில் ஆள், கால்நடை, வண்டி போய்வரப் பாத்தியம்" என்று இருக்கிறது. தெற்குப் பாகம் 2022-இல் வெளியாளுக்குக் கிரயமானது. அந்தப் பத்திரத்தில் தடம் பற்றி ஒரு வரிகூட இல்லை. போன மாதம் கல்லுக்கால் நட்டுக் கம்பிவேலி போட்டுவிட்டார். எஃப்எம்பியில் (சர்வே துறையின் புல அளவீட்டுப் படம்) பாதையே இல்லை என்கிறார் சர்வேயர். மேற்கே வாய்க்கால் கரையில் நடந்து மட்டும் போகலாம். அவசிய வழி என்று வழக்குப் போடலாமா?

பதில் (வரப்பு):
அவசியத்தை முதல் காரணமாக வைக்காதீர்கள். வசதுரிமைச் சட்டம் 1882 (பிறர் நிலத்தைப் பயன்படுத்தும் உரிமை பற்றியது), பிரிவு 13-இல் வரும் அவசிய வழிக்கு வேறு வழியே இருக்கக் கூடாது. வாய்க்கால் கரையைக் காட்டியே எதிர்த்தரப்பு உங்களை மடக்கும். அவசியம் தீர்ந்தால் அந்த உரிமையும் பிரிவு 41-இன்படி போய்விடும். உங்கள் கையில் இருப்பதோ பத்திரத்தில் எழுதிக் கொடுத்த பாத்தியம். மாற்றுவழி வந்தாலும் அது அழியாது என்று தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

எஃப்எம்பி சர்வே எல்லையைக் காட்டும் படம். பட்டா நிலத்துக்குள் ஓடும் தனியார் தடம் அதில் இல்லாததால் பாத்தியம் இல்லை என்று ஆகாது. கிரயப் பத்திரத்தில் விட்டுப்போனதும் அப்படித்தான்: விற்றவருக்கே தடத்துக்கு உட்பட்ட நிலம்தான் இருந்தது. 1987 முதல் வில்லங்கச் சான்று போட்டு, பாகப்பிரிவினையின் சான்றிட்ட நகலும் வாங்கிவிடுங்கள்.

பதில் (நீதிமன்ற வாசல்):
வழக்கு தோற்பது பெரும்பாலும் பிராதில்தான் (வழக்கைத் தொடங்கும் மனு). "தடம் எங்களுக்குச் சொந்தம்" என்று ஒரு பத்தியிலும் "வழிநடைப் பாத்தியம் உண்டு" என்று அடுத்த பத்தியிலும் எழுதுவார்கள். சொந்த நிலத்தில் வசதுரிமை கிடையாது. இரண்டும் ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும். பத்திரப் பாத்தியம் முதலில், 20 ஆண்டு தடையின்றிப் புழங்கிய அனுபவம் (பிரிவு 15) மாற்றாக. இந்த 20 ஆண்டு 1987-இலிருந்துதான் ஓடும், அதற்கு முன் நிலம் ஒரே குடும்பத்துச் சொத்து. அனுபவத்தைக் கேட்பதென்றால் தடை வந்த 2 ஆண்டுக்குள் வழக்கு தாக்கலாக வேண்டும்.

வேலி ஏற்கெனவே நிற்கிறது. தடுக்கக் கூடாது என்ற நிரந்தர உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) மட்டும் கேட்டால் வேலி அங்கேயே நிற்கும். உரிமை உண்டு என்ற விளம்புகையோடு, வேலியை எடுக்கச் சொல்லும் செயலுறுத்துக் கட்டளையும் கேளுங்கள். தடத்துக்குத் தனி ஷெட்யூல், நீளம், அகலம், நாலெல்லையோடு வரைபடம் வேண்டும். இல்லாவிட்டால் தீர்ப்பு கிடைத்தாலும் அமீனா எந்த இடத்தில் வேலியைப் பிரிப்பார்?

தாக்கல் செய்யும் அன்றே, இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர வக்கீல் கமிஷனரை நியமிக்கும் மனுவும் போடுங்கள், சர்வேயர் உதவியோடு. பழைய வேலியில் விட்ட இடைவெளி, இறுகிக் கிடக்கும் சக்கரத்தடம், புதுக் கல்லுக்காலடியில் இன்னும் இறுகாத மண் எல்லாம் அறிக்கையில் ஏற வேண்டும். ஒரு உழவு ஓட்டினால் சக்கரத்தடம் போயிற்று.

பதில் (தாழ்வாரம்):
அறுவடை நெருங்கினால் கோட்டாட்சியரிடம் பிஎன்எஸ்எஸ் (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) பிரிவு 166-இல் மனு கொடுக்கலாம் (பழைய சட்டத்தில் 147). ஆண்டு முழுவதும் புழங்கிய தடமென்றால், மனுவோ போலீஸ் அறிக்கையோ அவருக்குக் கிடைப்பதற்கு முந்தைய 3 மாதத்துக்குள் புழங்கியிருக்க வேண்டும். அதனால் தள்ளிப்போடாதீர்கள். இது தற்காலிகம்தான், உரிமையை முடிவு செய்வது சிவில் கோர்ட்டே.

வேலியை நீங்களே பிடுங்க வேண்டாம். இன்னொன்று, பஞ்சாயத்துப் பேசி "தங்கள் அனுமதியின்பேரில் போய்வருகிறோம்" என்று கடிதம் கேட்பார்கள். தயவுசெய்து கையெழுத்துப் போடாதீர்கள். அனுமதி என்றால் நினைத்தபோது ரத்து செய்யலாம்; 20 ஆண்டு அனுபவ வாதமும் அடிபடும்.

கேள்வி (மேக்காடு):
பத்திரத்தில் "வண்டி" என்றுதான் இருக்கிறது. டிராக்டர் போகலாமா?

பதில் (வரப்பு):
ஒருவகை வழியுரிமையில் இன்னொரு வகை அடங்காது என்கிறது வசதுரிமைச் சட்டப் பிரிவு 28. மாட்டுவண்டியைத்தான் குறிக்கும் என்று வாதம் வரும். இத்தனை ஆண்டாக டிராக்டர் போனதற்கு உழவு வாடகை ரசீது, ஓட்டுநர் சாட்சியம் இருந்தால் பிராதிலேயே சொல்லிவிடுங்கள். 8 அடிக்கு மேல் கேட்காதீர்கள், வீட்டுமனை போடும் எண்ணம் இருந்தால் இந்தத் தடத்தை நம்ப வேண்டாம்.